பழனி மலையில் ஒரு ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல்: டி.எல்.ஆர்.3 புரதம் பழுதான ஒரு குழந்தையின் நிகழ்வு ஆய்வு

பெரும்பாலானவர்களுக்கு உதட்டோரக் கொப்புளத்தோடு முடிந்துவிடும் ஹெர்ப்பிஸ் என்ற வைரஸ், ஒரு குழந்தையின் மூளைக்குள் போய்விட்டதைப் பற்றிய குறிப்பு இது. கொடைக்கானல் மேல்மலையில் பூண்டும் உருளைக்கிழங்கும் போடும் ஒரு குடும்பத்தின் பெண் குழந்தை. பெற்றோரின் சம்மதத்தோடு எழுதுகிறேன்; பெயரையும் ஊரையும் மருத்துவமனைகளையும் குறிப்பிடவில்லை. இதைப் படிப்பவர்களில் மலை மருத்துவமனைகளில் வேலை செய்பவர்கள் இருப்பார்கள். சொந்தத்தில் கல்யாணம் செய்துகொண்டு, பிள்ளைக்கு ஒன்று என்றால் அதுதான் காரணமோ என்று உள்ளுக்குள் நடுங்குபவர்களும் இருப்பார்கள். இருவருக்கும் சேர்த்துத்தான் எழுதுகிறேன்.

வந்தபோது

வயது இரண்டேகால். எடை 11 கிலோ. சுகப்பிரசவம். நடை, பேச்சு எல்லாம் வயதுக்கு ஏற்றபடி இருந்தது. பிறந்ததும் பி.சி.ஜி., பிறகு போலியோ சொட்டு மருந்து, ரோட்டா சொட்டு மருந்து, ஒன்பது மாதத்திலும் ஒன்றரை வயதிலும் தட்டம்மை-ரூபெல்லா ஊசி என்று தடுப்பூசி அட்டை நிறைந்திருந்தது. இவையெல்லாம் உயிருள்ள, வலுக்குறைத்த கிருமிகள். எதற்கும் அவளுக்குத் தொந்தரவு வரவில்லை. சளி, இருமல், ஒருமுறை வயிற்றுப்போக்கு. எந்தக் குழந்தைக்கும் வருவதற்கு மேல் ஒன்றுமில்லை. இந்த விவரத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

மே மாதம், சீசன் நேரம். முதல் நாள் காய்ச்சலும், கீழுதட்டின் உள்பக்கம் சில சிறு புண்களும். சாப்பாட்டைத் தள்ளிவிட்டாள். காய்ச்சல் சிரப் கொடுத்தார்கள். இரண்டாம் நாள் வாந்தி. மூன்றாம் நாள் காலையில் தாய் கவனித்ததை அப்படியே எழுதுகிறேன்: "கூப்பிட்டா திரும்புறா டாக்டரம்மா, ஆனா என்னையப் பாக்கல." அன்று கேட்ட நோய் விவரங்களிலேயே எடை கூடியது இந்த வாக்கியம்தான். காய்ச்சலில் சோர்ந்த குழந்தை அம்மாவைத் தேடும், சிணுங்கும், இடுப்பை விட்டு இறங்காது. அம்மாவை அடையாளம் காணாத பார்வை என்றால் அது சோர்வு இல்லை, மூளையின் அறிகுறி.

மதியம் இடது கையும் வாயின் இடது ஓரமும் வெட்டி வெட்டி இழுத்தன. சில நிமிடங்களில் நின்றது. ஆனால் அவள் தெளியவில்லை. காய்கறி ஏற்றும் பிக்கப் வண்டியில் மடியில் கிடத்திக் கொண்டுவந்தார்கள். வழியில் இன்னொரு இழுப்பு.

எங்களிடம் வந்தபோது காய்ச்சல் 103 டிகிரி. சத்தமாகக் கூப்பிட்டால் கண் திறந்தாள். கழுத்தில் விறைப்பு இல்லை. உடம்பில் தடிப்போ, உண்ணி கடித்த கறுப்புப் பொருக்கோ இல்லை. அக்குள், தொடையிடுக்கு, காதுக்குப் பின்புறம் எல்லாம் தேடிப் பார்த்தோம். இடது கையில் பலம் குறைவு. ரத்தச் சர்க்கரை சரியாக இருந்தது. பரிசோதித்துக்கொண்டிருக்கும்போதே மூன்றாவது வலிப்பு. மிடசோலம் கொடுத்து நிறுத்தி, மறுபடி வராமலிருக்க லெவெடிராசிட்டம் ஏற்றினோம்.

ஆறு மாதம் முதல் ஐந்து வயது வரை, காய்ச்சலோடு ஒரு வலிப்பு என்பது குழந்தை மருத்துவத்தில் தினப்படி விஷயம். உடம்பு முழுக்க இழுக்கும், சில நிமிடத்தில் நிற்கும், கொஞ்ச நேரத்தில் குழந்தை பழையபடி ஆகிவிடும். பெற்றோரின் பயத்தைப் போக்குவதைத் தவிர வேறு வைத்தியம் பெரிதாகத் தேவைப்படாது. இங்கே இழுப்பு ஒருபக்கம் மட்டும். ஒரே நாளில் மூன்று முறை. இடையில் தெளிவே இல்லை. மூளையின் வலது பக்கத்தில் ஏதோ ஓர் இடம் வெந்துகொண்டிருக்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சைகை தேவையில்லை.

மலையிறங்கும் முன்

என்னவாக இருக்கலாம்? பாக்டீரியா மூளைச்சவ்வு அழற்சி முதல் சந்தேகம். எங்கள் பக்கத்தில் உண்ணிக் காய்ச்சலை, அதாவது ஸ்க்ரப் டைபஸை, எப்போதும் கணக்கில் வைக்க வேண்டும். பொருக்கு கண்ணில் படாததால் மட்டும் இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் வயல்வெளிக் கொசு வழியாக வருவது. இந்தக் குழந்தை மலையிறங்கியதே இல்லை. காசநோய் மூளைச்சவ்வு அழற்சி இவ்வளவு வேகமாக வராது. மிஞ்சியது ஹெர்ப்பிஸ் சிம்ப்ளெக்ஸ்.

ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல் அரிது. ஆண்டுக்குப் பத்து லட்சம் பேரில் இரண்டு முதல் நான்கு பேருக்கு வரும் என்பது பொதுவான கணக்கு. ஒரு மலை மருத்துவமனையில் பணிக்காலம் முழுக்க ஒன்றிரண்டு பார்த்தாலே அதிகம். ஆனாலும் இதைப் பட்டியலின் மேலே வைக்க வேண்டியதற்குக் காரணம், மூளையைத் தாக்கும் வைரஸ்களில் உடனடியாகக் கொடுக்க நல்ல மருந்து இருப்பவை மிகச் சில என்பதுதான். மருந்து இல்லாமல் விட்டால் பத்தில் ஏழு பேர் இறந்துவிடுவார்கள். 1984-ல் வெளியான ஸ்வீடன் ஆய்வில் பழைய மருந்தான விடராபின் பெற்றவர்களில் பாதிப் பேர் இறந்தார்கள். அசைக்ளோவிர் பெற்றவர்களில் இறந்தவர்கள் 19 சதவீதம். அதன் பிறகு உலகம் முழுக்க இதுதான் சிகிச்சை.

அசைக்ளோவிர் வேலை செய்யும் விதம் எனக்கு எப்போதும் வியப்பைத் தருவது. ஊசியில் ஏறும் வடிவத்தில் அது செயலற்றது. வைரஸ் தன் பெருக்கத்துக்காகச் செய்துகொள்ளும் தைமிடின் கைனேஸ் என்ற நொதிதான் அதை முதலில் பற்றவைக்க வேண்டும். அதனால் வைரஸ் இருக்கும் செல்லில்தான் மருந்து விழித்துக்கொள்ளும், வைரஸின் டி.என்.ஏ. சங்கிலியில் போய் ஒட்டி, மேற்கொண்டு நீள விடாமல் நிறுத்திவிடும். மற்ற செல்களை அநேகமாக அது தொடுவதில்லை. இந்த மாதிரி மருந்துகளுக்கான கொள்கைகளைக் கண்டறிந்ததற்காக கெர்ட்ரூட் எலியன் 1988-ல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

எங்களிடம் சி.டி. ஸ்கேன் இல்லை, எம்.ஆர்.ஐ. இல்லை. நினைவு குறைந்து, ஒருபக்கம் பலவீனமாக, வலிப்பும் தொடரும் குழந்தைக்கு, ஸ்கேன் பார்க்காமல் முதுகுத்தண்டு நீர் எடுப்பது சரியில்லை. அதை மதுரைக்கு விட்டோம். மருந்தை விடவில்லை. பாக்டீரியாவுக்கு செஃப்ட்ரியாக்சோன், உண்ணிக் காய்ச்சலுக்கு டாக்சிசைக்ளின், அப்புறம் கிலோவுக்கு 15 மில்லிகிராம் வீதம் 165 மில்லிகிராம் அசைக்ளோவிர், கூடவே போதிய குளுக்கோஸ்-உப்பு நீர். அசைக்ளோவிர் வேகமாக ஏறினாலோ உடம்பில் நீர் குறைவாக இருந்தாலோ சிறுநீரகத்தில் படிகமாகப் படியும். அதனால் ஒரு மணி நேரம் நிதானமாக ஏற்ற வேண்டும்.

இங்கேதான் விவாதம் வந்தது. "நோய் என்னன்னே தெரியலை, டெஸ்ட் முடிவு வரட்டும், மதுரையில போட்டுக்கட்டும்" என்பது ஒரு தரப்பு. டெஸ்ட் எடுப்பதற்கு முன் மருந்து போட்டால் முடிவு கெட்டுவிடும் என்ற எண்ணமும் இருந்தது. அது சரியில்லை. அசைக்ளோவிர் தொடங்கிய பிறகும் பல நாட்களுக்குத் தண்டுவட நீரில் வைரஸின் டி.என்.ஏ.வை பி.சி.ஆர். சோதனை கண்டுபிடிக்கும். தாமதத்தின் விலையோ பெரிது: மருந்து தொடங்குவது இரண்டு நாள் தள்ளிப்போனவர்களின் நிலை மோசமாக முடிகிறது என்பது பல ஆய்வுகளில் திரும்பத் திரும்பத் தெரிந்த உண்மை.

சமவெளியில் இருப்பவர்களுக்கு ஒரு மணி நேரம் என்பது ஒரு மணி நேரம். எங்களுக்கு அப்படி இல்லை. சீசனில் பெருமாள்மலையிலிருந்து வெள்ளி நீர்வீழ்ச்சி வரை வண்டிகள் ஊர்ந்துதான் போகும். அங்கே எதிரும் புதிருமாக நிற்கும் கார்களுக்கு நடுவே 108 வண்டி வழிகேட்டுக் கத்திக்கொண்டே போக வேண்டும். டம்டம் பாறை தாண்டி காட்ரோடு இறங்கி, வத்தலகுண்டு வழியாக மதுரை சேர்வதற்குள் இரவு ஏறிவிடும். அங்கே அவசர சிகிச்சைப் பிரிவு, ஸ்கேன், படுக்கை எல்லாம் முடிந்து மருந்து எழுதப்படும்போது மறுநாள் காலையாகியிருக்கலாம். மலையில் ஒரு மணி நேரம் செலவழித்து முதல் ஊசியை ஏற்றிவிட்டு அனுப்புவதுதான் வேகமான வழி. அந்த மாலை அப்படித்தான் செய்தோம். எங்கள் மருந்தறையில் அசைக்ளோவிர் குப்பி இருந்தது. மேல்மலை, கீழ்மலை இரண்டிலும் படுக்கை வசதி உள்ள ஒவ்வொரு மருத்துவமனையிலும் அது இருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. விலை பெரிதில்லை, குளிர்பெட்டியும் தேவையில்லை.

மதுரையில்

எம்.ஆர்.ஐ.யில் மூளையின் வலது பொட்டு மடலிலும் (நெற்றிப்பொட்டுப் பக்கத்துப் பகுதி) அதை ஒட்டிய இன்சுலாப் பகுதியிலும் வீக்கம். மூளையின் நடுவே இருக்கும் தலாமஸ் சரியாக இருந்தது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் அதைத்தான் முதலில் பிடிக்கும். தண்டுவட நீரில் வெள்ளணுக்கள் 80-க்கு மேல், பெரும்பாலும் வைரஸ் தொற்றில் கூடும் லிம்ஃபோசைட் வகை. கொஞ்சம் சிவப்பணுக்களும் இருந்தன. புரதம் சற்று அதிகம், சர்க்கரை சரியான அளவு. படம் முழுக்க ஹெர்ப்பிஸைக் காட்டியது.

பி.சி.ஆர். முடிவு: வைரஸ் இல்லை.

நோய் தொடங்கி முதல் மூன்று நாட்களுக்குள் எடுத்த நீரில் இப்படிப் பொய்யாக 'இல்லை' என்று வருவதுண்டு. அங்கே குழந்தையைப் பார்த்த மருத்துவர்கள் அந்தத் தாளை நம்பி மருந்தை நிறுத்தவில்லை. அவர்களின் இந்த நிதானத்துக்கு நான் கடமைப்பட்டிருக்கிறேன். ஏழாம் நாள் மறுபடி எடுத்த நீரில் ஹெர்ப்பிஸ் சிம்ப்ளெக்ஸ் முதல் வகை உறுதியானது. இரண்டாவது முறை முதுகில் ஊசி என்றதும் அப்பத்தா ஒத்துக்கொள்ளவில்லை. "முதுகுத் தண்ணிய எடுத்தா பிள்ளை எந்திரிக்காது" என்று அழுதார். எடுக்கும் நீரை உடம்பு சில மணி நேரத்திலேயே திரும்பச் சுரந்துவிடும் என்பதையும், ஊசி போகும் இடத்துக்கு வெகு மேலேயே தண்டுவடம் முடிந்துவிடுகிறது என்பதையும் ஒரு செவிலியர் படம் வரைந்து காட்டிய பிறகுதான் சரி என்றார்.

21 நாள் ஊசி. வாய்வழி மருந்துக்கு இடையில் மாற்றக் கூடாது. மூளைக்குள் போதிய அளவு போய்ச் சேராது. கடைசி நாட்களில் எழுந்து உட்கார்ந்தாள், தாயைப் பார்த்துச் சிரித்தாள். இடது கை கொஞ்சம் பின்தங்கியிருந்தது. முன்பு பேசிய சொற்களில் பாதி வந்திருந்தது.

மறுபடியும்

வீடு திரும்பி ஒரு மாதம் ஆவதற்குள் தூக்கம் போயிற்று. நாக்கு வெளியே துழாவிக்கொண்டே இருந்தது. கைகால்கள் புழு நெளிவதுபோல் நிற்காமல் அசைந்தன. பேச்சு அடியோடு நின்றுபோனது. அப்பத்தா பூம்பாறை குழந்தை வேலப்பருக்குக் காசு முடிந்து வைத்துவிட்டு, அன்றே எங்களிடமும் தூக்கி வந்தார். வீட்டிலேயே வைத்துக்கொண்டிருந்தால் நிலைமை வேறாகியிருக்கும்.

வைரஸ் திரும்பிவிட்டதா? அந்தச் சந்தேகத்தில் அசைக்ளோவிரை மறுபடி தொடங்கி அனுப்பினோம். இந்த முறை பி.சி.ஆர். உண்மையாகவே 'இல்லை'. ஆனால் நரம்புச் செல்களின் மேல் செய்தி வாங்கும் புரதமான என்.எம்.டி.ஏ. ஏற்பிக்கு எதிரான ஆன்டிபாடி தண்டுவட நீரில் இருந்தது. வைரஸ் நரம்புச் செல்களைச் சிதைத்தபோது வெளியே கொட்டிய புரதங்களை நோய் எதிர்ப்பு மண்டலம் எதிரியாகப் பதிந்துகொண்டு, மூளையின் சொந்த ஏற்பிகளையே தாக்கும் நிலை இது. ஸ்பெயினில் 51 ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல் நோயாளிகளைத் தொடர்ந்து கவனித்து 2018-ல் வெளியிட்ட ஆய்வில், 14 பேருக்கு இப்படி இரண்டாவது தாக்குதல் வந்தது. எல்லாமே இரண்டு மாதத்துக்குள். சின்னக் குழந்தைகளில் அது இந்த நெளிவு அசைவுகளாகத்தான் பெரும்பாலும் வெளிப்படும். ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல் குணமாகி வீடு போகும் ஒவ்வொரு குடும்பத்துக்கும், "இரண்டு மாதத்துக்குள் பேச்சு, தூக்கம், நடத்தை, அசைவு எதிலாவது மாற்றம் தெரிந்தால் உடனே வாங்க" என்று சொல்லி அனுப்ப வேண்டும்.

அந்தத் தாக்குதலை அடக்க மெத்தில்பிரெட்னிசோலோன் ஐந்து நாள், பிறகு இம்யூனோகுளோபுலின். அசைவுகள் அடங்க வாரங்கள் பிடித்தன. பேச்சு திரும்ப அதைவிட நிறைய நாளானது.

ஏன் இந்தக் குழந்தைக்கு?

இனி நான் நீளமாக எழுதப்போகும் பகுதி இது, ஏனென்றால் இந்தக் கேள்விக்குப் பதில் கிடைத்திருக்கிறது.

50 வயதுக்குட்பட்ட உலக மக்களில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்குப் பேருக்கு ஹெர்ப்பிஸ் முதல் வகை தொற்றியிருக்கும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீடு. பெரும்பாலும் சிறுவயதில், வீட்டுப் பெரியவர்களின் முத்தத்திலிருந்து. அதன் பிறகு முகத்து நரம்பு முடிச்சில் வாழ்நாள் முழுக்க ஒளிந்திருக்கும். காய்ச்சல், வெயில், களைப்பு வரும்போது சிலருக்கு உதட்டில் கொப்புளமாக எட்டிப் பார்க்கும். "ஏதோ பூச்சி எச்சம் பட்டிருக்கும்" என்று நம் வீடுகளில் சொல்லும் கொப்புளங்களில் பல இதுதான். இத்தனை கோடிப் பேரிடம் அடங்கிக் கிடக்கும் கிருமி, பத்து லட்சத்தில் சிலரிடம் மட்டும் ஏன் மூளையை எரிக்கிறது? கிருமியில் வேறுபாடு இல்லையென்றால், வேறுபாடு மனிதரில் இருக்க வேண்டும். பாரிசில் ழான்-லோரான் கசனோவாவும் லோரான் அபேலும் இந்த எண்ணத்தைப் பிடித்துக்கொண்டு குடும்பங்களைத் தேடினார்கள். அவர்களின் குழு 2006-ல் யு.என்.சி.93பி என்ற புரதத்திலும், 2007-ல் டி.எல்.ஆர்.3-லும் பழுதுகளைக் கண்டது. டி.எல்.ஆர்.3 பழுது இருந்தது பிரான்சில், ஒருவருக்கொருவர் உறவில்லாத இரண்டு குழந்தைகளிடம்.

டி.எல்.ஆர்.3 என்பது 904 அமினோ அமிலங்கள் கோத்த புரதம். அதன் மரபணு நான்காவது குரோமோசோமின் நீண்ட கையில் ஏறக்குறைய நுனியில் இருக்கிறது. குதிரை லாடம் போல வளைந்த ஒரு பகுதியை, செல்லின் உள்ளே இருக்கும் என்டோசோம் என்ற சிறு பைக்குள் நீட்டிக்கொண்டிருக்கும். அதன் வேலை ஒன்றுதான்: இரட்டை இழை ஆர்.என்.ஏ.வை உணர்வது. நம் செல்களில் நீளமான இரட்டை இழை ஆர்.என்.ஏ. அந்தப் பைகளுக்குள் வரக் காரணமில்லை. வைரஸ்கள் பெருகும்போது அது உண்டாகும். ஹெர்ப்பிஸ் டி.என்.ஏ. வைரஸ்தான், ஆனாலும் அதன் மரபணுக்கள் எதிரெதிர்த் திசைகளில் படியெடுக்கப்படுவதால் இடையில் இரட்டை இழை ஆர்.என்.ஏ. உருவாகிவிடுகிறது.

அது லாடத்தில் பட்டதும் இரண்டு டி.எல்.ஆர்.3 மூலக்கூறுகள் ஜோடி சேரும். ட்ரிஃப், ட்ராஃப்3, டி.பி.கே.1, ஐ.ஆர்.எஃப்.3 என்ற புரதங்களில் ஒன்றிலிருந்து ஒன்றுக்குச் செய்தி கைமாறி உட்கருவைச் சேரும். அங்கே இன்டர்ஃபெரான் செய்ய ஆணை பிறக்கும். இன்டர்ஃபெரான் 1957-ல் லண்டனில் அலிக் ஐசக்ஸும் ழான் லிண்டன்மானும் கோழி முட்டைச் சவ்வில் கண்டுபிடித்தது. வைரஸ் புகுந்த செல் அதைச் சுரந்து அக்கம்பக்கத்துச் செல்களுக்கு எச்சரிக்கை கொடுக்கும். அவை நூற்றுக்கணக்கான மரபணுக்களை முடுக்கிவிட்டு வைரஸ் பெருக முடியாத நிலைக்குப் போய்விடும். ஆன்டிபாடியும் வெள்ளணுவும் படைதிரட்டி வருவதற்கு நாட்கள் ஆகும். இது சில மணி நேரத்தில் நடக்கும்.

மேலே நினைவில் வைக்கச் சொன்ன விவரத்துக்கு இங்கே பொருள் கிடைக்கிறது. இந்தப் பாதையில் பழுது இருந்தால் எல்லா வைரஸுக்கும் குழந்தை ஆட்பட வேண்டாமா? தட்டம்மைத் தடுப்பூசியில், ரோட்டா சொட்டில், சளிக் காய்ச்சலில் எதுவும் ஆகவில்லையே? காரணம், ரத்த வெள்ளணுக்களுக்கு வைரஸை உணர வேறு பல புரதங்கள் இருக்கின்றன, டி.எல்.ஆர்.3 இல்லாவிட்டாலும் அவை இன்டர்ஃபெரானைச் செய்துவிடும். மூளையின் நரம்புச் செல்களோ ஹெர்ப்பிஸுக்கு எதிராகப் பெரிதும் இந்த ஒரு புரதத்தை நம்பி இருக்கின்றன. 2012-ல் வெளியான ஓர் ஆய்வில் நோயாளிகளின் தோல் செல்களை எந்தச் செல்லாகவும் வளரக்கூடிய ஸ்டெம் செல்லாக்கி, அதிலிருந்து நரம்புச் செல்களை வளர்த்தார்கள். டி.எல்.ஆர்.3 பழுதான நரம்புச் செல்களில் ஹெர்ப்பிஸ் தாறுமாறாகப் பெருகியது. முன்கூட்டியே இன்டர்ஃபெரான் சேர்த்தபோது அடங்கியது. ஒரு புரதம், ஒரு வைரஸ், ஓர் உறுப்பு: இவ்வளவு குறுகலான ஒரு பலவீனம் மனித உடம்பில் இருக்க முடியும் என்பது மருத்துவம் அதிகம் நினைத்துப் பார்க்காதது.

எங்கள் குழந்தையின் எக்ஸோம் பரிசோதனையில் (புரதம் செய்யும் மரபணுப் பகுதிகளை மொத்தமாகப் படிக்கும் சோதனை) டி.எல்.ஆர்.3 மரபணுவின் இரண்டு பிரதிகளில் ஒன்றில், ஓர் எழுத்து மாறியிருந்தது. அறிக்கை அதை 'பொருள் உறுதியாகாத மாற்றம்' என்றுதான் வகைப்படுத்தியது. அதில் தவறில்லை, நம் ஒவ்வொருவரின் மரபணுத் தொகுப்பிலும் இப்படி எத்தனையோ அரிய மாற்றங்கள் சும்மா கிடக்கின்றன. தாளில் ஒரு மாற்றம் தெரிந்ததும் அதுதான் குற்றவாளி என்று குடும்பத்திடம் சொல்லிவிடுவது பெரிய அநியாயம். அதனால் தோலில் ஒரு சிறு துண்டு எடுத்து ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பினோம். வளர்த்த தோல் செல்களுக்குச் செயற்கையான இரட்டை இழை ஆர்.என்.ஏ.வைக் கொடுத்தார்கள். ஆரோக்கியமானவரின் செல்கள் இன்டர்ஃபெரானைக் கொட்டின. இவளுடைய செல்கள் அநேகமாகச் சுரக்கவே இல்லை. நல்ல பிரதி ஒன்று இருந்தும் இப்படி ஆனதற்குக் காரணம், பழுதான மூலக்கூறு நல்லதோடு ஜோடி சேர்ந்து அதையும் முடக்கிவிடுவது. இரண்டு முடிவுகளையும் சேர்த்துப் பார்த்த பிறகுதான் நோயின் காரணம் இது என்று எழுதினோம்.

ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல் வந்த எல்லாக் குழந்தைகளுக்கும் இப்படி ஒரு மரபணுப் பழுது அகப்படுவதில்லை. இந்தப் பாதையிலும் வேறு சில பாதைகளிலுமாக, நூற்றில் ஐந்து முதல் பத்துக் குழந்தைகளிடம்தான் ஒற்றை மரபணுக் காரணம் தெரிகிறது.

சொந்தத்தில் கட்டியதாலா?

தாய்க்குக் கணவர் தாய்மாமன் மகன். குழந்தைக்கு முதல் வலிப்பு வந்த வாரத்திலிருந்தே சொந்தக்காரர்கள் பேச ஆரம்பித்துவிட்டார்கள். "ரத்தம் ஒத்துக்கல, அதான்." ஒரு மருத்துவப் பணியாளரும் அதையே சொல்லியிருக்கிறார். அந்தப் பெண் என்னிடம் முதலில் கேட்டது குழந்தை பேசுமா என்பது அல்ல. "நான் வேற எடத்துல வாக்கப்பட்டிருந்தா இவளுக்கு வந்திருக்காதுல்ல டாக்டரம்மா?" என்பதுதான்.

வந்திருக்கலாம். அதே வாய்ப்போடு. நெருங்கிய உறவில் திருமணம் செய்யும்போது கூடுவது, இரண்டு பிரதிகளும் பழுதானால் மட்டுமே வரும் நோய்களின் வாய்ப்பு. கணவனும் மனைவியும் ஒரே மூதாதையிடமிருந்து ஒரே பழுதைப் பெற்றிருக்கக்கூடும் என்பதால் அது. அந்த ஆபத்து உண்மையானது, நான் மறைக்கவில்லை. இந்தக் குழந்தைக்கு வந்ததோ ஒற்றைப் பிரதிப் பழுது. தந்தையின் ரத்தத்தில் அது இல்லை. தாயிடம் இருந்தது. தாய்க்கு அவளுடைய தகப்பனாரிடமிருந்து வந்தது. அவர் மருமகன் குடும்பத்தோடு ரத்த உறவே இல்லாதவர். ஆக, கணவர் சொந்தமா, அயலா, எந்த ஊர் என்பதற்கும் இந்த நோய்க்கும் தொடர்பில்லை. யாரைக் கட்டியிருந்தாலும் ஒவ்வொரு பிள்ளைக்கும் அந்தப் பிரதி போகும் வாய்ப்பு பாதிக்குப் பாதி.

"அப்ப எங்கிட்டேர்ந்துதான் வந்திருக்கு" என்றாள். மரபணு ஆலோசனையில் மிகக் கடினமான இடம் இது. ஒரு பழியை எடுத்துப் போட்டுவிட்டு இன்னொன்றைச் சுமத்திவிட்டதாக ஆகிவிடக் கூடாது. அவளுக்கும் அவள் தகப்பனாருக்கும் அதே மாற்றம் இருக்கிறது. தகப்பனார் எழுபதைத் தாண்டியும் காட்டில் மண்வெட்டி பிடிக்கிறார், அவளுக்கு எப்போதாவது உதட்டில் கொப்புளம் வருவதோடு சரி. பிரான்ஸ் குடும்பங்களிலும் இப்படிப் பழுது இருந்தும் ஒன்றும் ஆகாத உறவினர்கள் இருந்தார்கள். பழுது இருப்பவர்களில் பலருக்கு வாழ்நாள் முழுக்க எதுவும் வருவதில்லை. ஆபத்து பெரும்பாலும் சின்ன வயதில் முதல்முறை தொற்றும்போதுதான். அவள் பிள்ளைக்குக் கொடுத்தவற்றில், தன் கையில் இல்லாமல் போன ஒன்று இது. இதை அவள் கணவரையும் அப்பத்தாவையும் உட்கார வைத்துக்கொண்டு, அவர்கள் முன்னால் சொன்னேன். தனியாக அவளிடம் சொல்லியிருந்தால் பாதி வேலைதான் நடந்திருக்கும். பேச்சைக் கேட்டுக்கொண்டு வீட்டில் இருப்பது அவள். அப்பத்தா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "எங்க வீட்டுல இருந்து வந்திருந்தா மட்டும் என்ன, பிள்ளை எங்க பிள்ளைதான" என்றார்.

இப்போது

குழந்தை அங்கன்வாடிக்குப் போகிறாள். சின்ன வாக்கியங்களாகப் பேசுகிறாள். இடது கையால் தம்ளரைப் பிடிக்கிறாள், பொத்தான் போட வரவில்லை. வலிப்பு மருந்து தொடர்கிறது. டி.எல்.ஆர்.3 பாதையில் பழுது உள்ளவர்களுக்கு ஹெர்ப்பிஸ் மூளைக்காய்ச்சல் திரும்ப வரும் வாய்ப்பு மற்றவர்களைவிட அதிகம் என்பதால் வாய்வழி அசைக்ளோவிரும் தொடர்கிறது. இந்தப் பாதையின் பழுதுகள் கடுமையான இன்ஃப்ளூயன்சாவிலும் கோவிட்டிலும் தென்பட்டிருக்கின்றன. உயிருக்கு ஆபத்தான நிலையில் இருந்த 659 கோவிட் நோயாளிகளில் 23 பேரிடம் டி.எல்.ஆர்.3-ஐ ஒட்டிய மரபணுக்களில் பழுது இருந்ததாக 2020-ல் வெளியானது. அதனால் ஆண்டுதோறும் அவளுக்கு ஃப்ளூ தடுப்பூசி போடுகிறோம்.

இதற்கிடையில் தம்பி பிறந்தான். அவனுக்கும் அந்தப் பிரதி வந்திருக்கிறது. உதட்டில் கொப்புளம் உள்ள யாரும் ஆறும்வரை அவனை முத்தமிடுவதில்லை, ஊட்டுவதில்லை என்பது வீட்டில் கட்டாயம். அதைப் பார்த்துக்கொள்வது அப்பத்தாவின் பொறுப்பு. இரண்டு பிள்ளைகளுக்கும் லேமினேட் செய்த ஓர் அட்டை கொடுத்திருக்கிறோம். முன்பக்கம் தமிழில் மூன்று வரி: காய்ச்சலோடு வலிப்பு, காய்ச்சலோடு மயக்கம், காய்ச்சலோடு ஆளை அடையாளம் தெரியாமை, இவற்றில் எது வந்தாலும் உடனே மருத்துவமனை. பின்பக்கம் மருத்துவருக்கு: டி.எல்.ஆர்.3 குறைபாடு, எந்தப் பரிசோதனைக்கும் காத்திராமல் அசைக்ளோவிர் ஊசி, கிலோவுக்கு இவ்வளவு, எட்டு மணி நேரத்துக்கு ஒருமுறை. எடை கூடக்கூட அந்த எண்ணை மாற்றி எழுதித் தருகிறோம். மருந்தறையில் இப்போது நான்கு குப்பிகள் இருக்கின்றன. காலாவதித் தேதியை மாதாமாதம் எங்கள் மருந்தாளுநர் பார்க்கிறார்.